வாசலில் ஒட்டிய நோட்டீஸும், நகர்ந்துபோன வேலியும்



நம் அறக்கட்டளையின் உதவி மேசைக்குக் கல்வி உதவி, மருத்துவ உதவி கேட்டு வருகிறவர்களுக்கு அடுத்தபடியாக அதிகம் வருகிறவர்கள் இடப் பிரச்சினையோடு வருகிறவர்கள். "பக்கத்து வீட்டுக்காரர் எங்கள் இடத்தில் சுவர் எடுக்கிறார்" என்று சிலர். "நகராட்சியிலிருந்து நோட்டீஸ் ஒட்டிவிட்டார்கள், வீட்டை இடித்துவிடுவார்களா?" என்று சிலர். இரண்டிலும் நாங்கள் திரும்பத் திரும்பப் பார்ப்பது ஒன்றுதான்: உரிமை இல்லாததால் தோற்றவர்களைவிட, நாளைத் தவறவிட்டதாலும் ஆத்திரப்பட்டதாலும் தோற்றவர்களே அதிகம். அதனால் இந்த மாதப் பாடத்தை இதற்கே ஒதுக்கியிருக்கிறோம். வீட்டுப் பெண்களும் படிக்க வேண்டும். நோட்டீஸ் வருகிற நேரத்தில் பெரும்பாலும் வீட்டில் இருப்பவர்கள் அவர்கள்தான்.

எங்களிடம் வந்த இரண்டு குடும்பங்கள்

ஒரு சகோதரி. கணவர் வெளிநாட்டில் இருக்கிறார். ஒருநாள் காலை கதவில் நகராட்சியின் நோட்டீஸ் ஒட்டப்பட்டிருந்தது. அக்கம்பக்கத்தார் பார்த்துவிடக் கூடாது என்று அதைக் கிழித்தெடுத்து அலமாரியில் வைத்துவிட்டார். 'அவர் வெள்ளிக்கிழமை பேசும்போது சொல்லலாம்' என்று நினைத்தார். அந்த வெள்ளிக்கிழமை பிள்ளையின் காய்ச்சலைப் பற்றிப் பேசியதில் இது விட்டுப்போயிற்று. அடுத்த வாரம் சொன்னபோது, "நாம்தான் வீட்டு வரி கட்டுகிறோமே, யார் என்ன செய்ய முடியும்?" என்றார் கணவர். எங்களிடம் அந்தச் சகோதரி வந்தபோது பதினொரு நாள் போயிருந்தது. பதில் சொல்ல மீதமிருந்தது நான்கே நாள்.

இன்னொருவர் இளைஞர். அவர் வீட்டுக்கும் பக்கத்து வீட்டுக்கும் நடுவே ஒரு சந்து. பக்கத்து வீட்டுக்காரர் அதில் கம்பி வேலி போட்டார். இவர் ஒருநாள் இரவு இரண்டு நண்பர்களோடு போய் வேலியைப் பிடுங்கிப் போட்டுவிட்டார். மறுநாள் காவல் நிலையத்தில் இவர்மீது புகார். பிறகு நில அளவையர் வந்து அளந்தபோது, வேலி சரியான எல்லையில்தான் போடப்பட்டிருந்தது. இவருடைய வாப்பா காலத்தில் கட்டிய குளியலறைதான் அடுத்தவர் இடத்தில் ஒன்றேகால் அடி இருந்தது.

முதல் குடும்பத்தின் எதிரே இருந்தது அரசு அமைப்பு. இரண்டாவது குடும்பத்தின் எதிரே இருந்தவர் தனி மனிதர். இரண்டுக்கும் சட்டத்தில் வழி வேறு வேறு.

பாடம் 1: பக்கத்து நிலத்தாரோடு தகராறு என்றால்

முதலில் அளவு, பிறகுதான் வாக்குவாதம். பத்திரத்திலுள்ள செக்குபந்தி, நீள அகலம், பட்டா, புலப்படம், வில்லங்கச் சான்று ஆகியவற்றை ஒன்றாக வைத்துப் பாருங்கள். பட்டாவையும் புலப்படத்தையும் தமிழ்நாடு அரசின் இணையச் சேவையிலேயே பார்க்கலாம். சந்தேகம் இருந்தால் கட்டணம் செலுத்தி நில அளவைக்கு விண்ணப்பியுங்கள். அளக்கும் நாளில் பக்கத்து நிலத்தாரும் இருக்கட்டும். அந்த இளைஞர் வேலியைப் பிடுங்குவதற்கு முன்னால் இந்த ஒரு வேலையைச் செய்திருந்தால் காவல் நிலையத்துக்கே போயிருக்க வேண்டியதில்லை.

'அத்துமீறி நுழைந்துவிட்டான்' என்று புகார் கொடுத்தும் காவல்துறை ஏன் வழக்குப் போடவில்லை என்று பலர் கேட்கிறார்கள். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய நியாய சன்ஹிதாவின் 329-ஆம் பிரிவு இதைப் பற்றிப் பேசுகிறது. அடுத்தவர் சுவாதீனத்தில் உள்ள இடத்தில் நுழைந்தால் மட்டும் அது குற்றமாகிவிடாது. குற்றம் செய்யும் எண்ணத்தோடோ, அங்கே இருப்பவரை மிரட்டும், அவமதிக்கும், தொல்லைப்படுத்தும் எண்ணத்தோடோ நுழைந்திருக்க வேண்டும். அப்படியானால் மூன்று மாதம் வரை சிறை, அல்லது 5,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். வீட்டுக்குள் அத்துமீறி நுழைந்திருந்தால் சிறைத் தண்டனை ஓராண்டு வரை போகலாம். 'எல்லைக் கல் எங்கே?' என்பது மட்டுமே சண்டை என்றால் அது உரிமையியல் நீதிமன்றத்தில் தீர்க்க வேண்டிய விஷயம். காவல் நிலையம் எல்லையைத் தீர்மானிக்க முடியாது.

உரிமையியல் நீதிமன்றத்தில் நமக்கு மூன்று முக்கியமான வழிகள் இருக்கின்றன.

ஒன்று: கட்டுமானம் நடந்துகொண்டிருந்தால் வழக்குப் போட்டு இடைக்காலத் தடை கேட்கலாம். இடத்தைப் பார்த்து அறிக்கை தர வழக்கறிஞர் ஆணையர் ஒருவரை நியமிக்கும்படியும் கேட்கலாம். சுவர் முழுதாக எழும்பிய பிறகு போவதைவிட அஸ்திவாரம் தோண்டும்போதே போவது நல்லது.

இரண்டு: நம்மைப் பலவந்தமாக வெளியேற்றிவிட்டால், குறிப்பிட்ட நிவாரணச் சட்டத்தின் 6-ஆம் பிரிவின்கீழ் ஆறு மாதத்துக்குள் வழக்குப் போட்டு இடத்தைத் திரும்பப் பெறலாம். இந்த வழக்கில் 'யார் உரிமையாளர்' என்ற கேள்வி எழாது. 'யார் சுவாதீனத்தில் இருந்தார், சட்டப்படி அல்லாமல் யார் வெளியேற்றினார்' என்பதுதான் கேள்வி. அரசுக்கு எதிராக இந்தப் பிரிவைப் பயன்படுத்த முடியாது. ஆறு மாதம் தாண்டிவிட்டால் உரிமையை நிரூபிக்கும் நீண்ட வழக்குதான் மிஞ்சும்.

மூன்று: எதிர்த்தரப்பு நமக்குத் தெரியாமல் தடை உத்தரவு வாங்கிவிடுமோ என்று பயமிருந்தால் கேவியட் மனு போட்டு வைக்கலாம். அது 90 நாள் செல்லும். அந்தக் காலத்தில் நமக்குத் தகவல் சொல்லிய பிறகே மனு விசாரணைக்கு வர வேண்டும்.

உரிமையாளராக இருந்தாலும் சட்டத்தைக் கையில் எடுக்கக் கூடாது என்பதை நினைவில் வையுங்கள். ஓர் இடத்தில் நிலையாகக் குடியிருப்பவரை, உண்மையான உரிமையாளரே ஆனாலும், சட்டத்தின் வழியாகத்தான் வெளியேற்ற வேண்டும் என்று ராமே கவுடா வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. வாடகைக்கு இருப்பவரின் சாமான்களைத் தெருவில் எடுத்து வைக்கிற நம் வீட்டு உரிமையாளர்களும் இதைக் கவனிக்க வேண்டும்.

பாடம் 2: உள்ளாட்சி அமைப்பிலிருந்து நோட்டீஸ் வந்தால்

பயப்பட வேண்டாம், ஆனால் அலட்சியமும் வேண்டாம். இடிப்பு நடவடிக்கை பற்றி உச்ச நீதிமன்றம் 2024 நவம்பர் 13 அன்று, நீதிபதிகள் பி.ஆர். கவாய், கே.வி. விஸ்வநாதன் அமர்வில், நாடு முழுமைக்குமான வழிமுறைகளை வகுத்தது. ஒருவர்மீது குற்றச்சாட்டு இருக்கிறது என்பதற்காக அவருடைய வீட்டை இடிப்பது சட்டத்தின் ஆட்சிக்கு எதிரானது என்றும், தலைக்கு மேல் ஒரு கூரை இருப்பது வாழ்வுரிமையின் பகுதி என்றும் அந்தத் தீர்ப்பு சொல்கிறது. நம் வீட்டில் அனைவரும் அறிந்திருக்க வேண்டியவை இவை:

1. முன்கூட்டியே காரணம் கேட்கும் நோட்டீஸ் தராமல் இடிக்கக் கூடாது. பதில் சொல்ல நோட்டீஸ் கிடைத்ததிலிருந்து 15 நாளாவது வேண்டும். உள்ளூர்ச் சட்டம் அதைவிட அதிக நாள் தந்தால் அந்த நாள்தான் கணக்கு.

2. நோட்டீஸைப் பதிவுத் தபாலில் ஒப்புகை அட்டையோடு அனுப்ப வேண்டும். கட்டடத்தின் வெளிப்புறத்திலும் ஒட்ட வேண்டும். மாவட்ட ஆட்சியர் அலுவலகத்துக்கும் மின்னஞ்சலில் தகவல் போக வேண்டும்.

3. எந்த விதி மீறப்பட்டது, என்ன ஆவணங்கள் தர வேண்டும், எந்தத் தேதியில் எந்த அலுவலர் முன் நேரில் ஆஜராகலாம் என்ற விவரங்கள் நோட்டீஸில் இருக்க வேண்டும்.

4. நேரில் சொல்வதைக் கேட்டுப் பதிவு செய்ய வேண்டும். இறுதி உத்தரவில் நம் தரப்பு வாதமும், அது ஏன் ஏற்கப்படவில்லை என்பதும் இருக்க வேண்டும். கட்டணம் வாங்கி வரைமுறைப்படுத்த முடியுமா, ஒரு பகுதியை மட்டும் அகற்றினால் போதுமா என்பதையும் அந்த உத்தரவு ஆராய்ந்திருக்க வேண்டும்.

5. இறுதி உத்தரவுக்குப் பிறகும் 15 நாள் இடைவெளி உண்டு. அதற்குள் நாமே அகற்றிக்கொள்ளலாம், அல்லது மேல்முறையீடு செய்து தடை வாங்கலாம்.

6. இடிப்பைக் காணொளியாகப் பதிவு செய்ய வேண்டும். இந்த வழிமுறைகளை மீறும் அலுவலர்கள்மீது நீதிமன்ற அவமதிப்பு நடவடிக்கை வரும். இடித்ததைத் தம் சொந்தச் செலவில் சரிசெய்து தரும் பொறுப்பும் இழப்பீட்டுப் பொறுப்பும் அவர்களுக்கு உண்டு.

இதோடு விட்டுவிட்டால் பாதி உண்மைதான் சொன்னதாகும். அதே தீர்ப்பு ஒரு விதிவிலக்கையும் வைத்திருக்கிறது. சாலை, தெரு, நடைபாதை போன்ற பொது இடங்களிலும், ரயில் பாதையை ஒட்டியும், ஆறு, நீர்நிலைகளிலும் உள்ள அனுமதியற்ற கட்டுமானங்களுக்கு இந்த வழிமுறைகள் பொருந்தாது. நீதிமன்றமே இடிக்க உத்தரவிட்ட இடங்களுக்கும் பொருந்தாது. ஏரி, குளங்களைப் பொறுத்தவரை தமிழ்நாட்டில் 2007-ஆம் ஆண்டின் ஏரிகள் பாதுகாப்பு மற்றும் ஆக்கிரமிப்பு அகற்றும் சட்டம் தனியாக இருக்கிறது. அரசுப் புறம்போக்கு நிலத்துக்கு 1905-ஆம் ஆண்டின் நில ஆக்கிரமிப்புச் சட்டம் உண்டு. அதிலும் வெளியேற்றும் முன் நோட்டீஸ் தர வேண்டும், மேல்முறையீட்டுக்கும் வழி உண்டு. ஆனால் 'அங்கேயே இருப்போம்' என்ற உரிமை கிடைக்காது.

1985-இல் மும்பை நடைபாதைவாசிகளின் வழக்கில், ஓல்கா டெல்லிஸ் வழக்கு என்று சொல்வார்கள், உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதே சமநிலையைத்தான் காட்டியது. பிழைப்புக்கான உரிமை வாழ்வுரிமையில் அடங்கும், ஒருவர் சொல்வதைக் கேட்காமல் அகற்றுவது வழக்கமாகிவிடக் கூடாது என்றது. கூடவே, பொது நடைபாதையில் நிரந்தரமாக வீடு கட்டிக்கொள்ளும் உரிமை யாருக்கும் இல்லை என்றும் சொன்னது. மழைக்காலம் முடிந்து ஒரு மாதம் ஆகும் வரை, அதாவது 1985 அக்டோபர் 31 வரை, குடிசைகளை அகற்ற வேண்டாம் என்று உத்தரவிட்டது.

நம்மிடையே உள்ள நான்கு தவறான நம்பிக்கைகள்

"வீட்டு வரி ரசீது இருக்கிறது." வரி ரசீது வரி கட்டியதற்கான சான்று. அது கட்டட அனுமதியும் ஆகாது, நில உரிமையும் ஆகாது. மின் இணைப்பும் குடிநீர் இணைப்பும் அப்படித்தான்.

"பி மெமோ கட்டி வருகிறோம்." பி மெமோ என்பது அரசு நிலத்தை ஆக்கிரமித்ததற்காக விதிக்கப்படும் தொகை. அதைக் கட்டியதால் நிலம் நமதாகாது. 'இது அரசு நிலம்' என்பதற்கு அந்த ரசீதே சாட்சியாகிவிடும்.

"கவுன்சிலர் பார்த்துக்கொள்வதாகச் சொன்னார்." வாய்ச் சொல் கோப்பில் ஏறாது. எழுத்தில் தந்த பதிலும் அதன் ஒப்புதலும் மட்டுமே கோப்பில் இருக்கும்.

"நோட்டீஸை வாங்காவிட்டால் செல்லாது." தபாலைத் திருப்பி அனுப்பினாலும் கதவில் ஒட்டப்பட்டிருக்கும். நாள் ஓடிக்கொண்டே இருக்கும். நம் தரப்பைச் சொல்லும் வாய்ப்பைத்தான் நாம் இழப்போம்.

அந்தச் சகோதரியின் வீடு என்ன ஆயிற்று?

நோட்டீஸைப் படித்துப் பார்த்தபோது அதில் இரண்டு குறைகள் சொல்லப்பட்டிருந்தன. வாசல் படிக்கட்டு தெருவுக்குள் இரண்டடி நீண்டிருக்கிறது என்பது ஒன்று. மாடியில் அனுமதி இல்லாமல் ஓர் அறை கட்டப்பட்டிருக்கிறது என்பது மற்றொன்று. படிக்கட்டைப் பற்றி வழக்கறிஞர் ஒரே வார்த்தையில் சொல்லிவிட்டார்: "எடுத்துவிடுங்கள்." தெரு பொது இடம். அதற்கு வாதாடப் போனால் மாடி அறைக்கும் சேர்த்துக் கெட்ட பெயர் வரும். சகோதரியின் தம்பி இரண்டு நாளில் கொத்தனாரை வைத்துப் படியை உள்ளே தள்ளிக் கட்டினார். முன்னும் பின்னும் புகைப்படம் எடுத்துக்கொண்டார்.

மாடி அறைக்குப் பதினான்காம் நாள் எழுத்தில் பதில் கொடுத்தோம். பத்திரம், பழைய வரைபட அனுமதி, படிக்கட்டை அகற்றிய புகைப்படம் எல்லாவற்றையும் இணைத்து, நேர் விசாரணையும் வரைமுறைப்படுத்த வாய்ப்பும் கேட்டிருந்தோம். அலுவலகத்தில் நகலில் முத்திரையும் தேதியும் வாங்கிக்கொண்டோம். விசாரணைக்குச் சகோதரியே போனார். முடிவில், பின்பக்கம் விட வேண்டிய காலியிடத்தை மறித்திருந்த மூன்றடியை எடுக்கச் சொன்னார்கள். மீதி அறைக்குத் திருத்திய வரைபடம் கொடுத்து அனுமதி கேட்க வழி கிடைத்தது. செலவு ஆனது, கடனும் வாங்கினார்கள். ஆனால் பிள்ளைகள் அதே வீட்டில்தான் தூங்குகிறார்கள். அல்ஹம்துலில்லாஹ். இன்னும் நான்கு நாள் கழித்து வந்திருந்தால் இதே பதிலை எழுத நேரம் இருந்திருக்காது.

அந்த இளைஞரின் விஷயம் மக்கள் நீதிமன்றத்தில் முடிந்தது. குளியலறைச் சுவரை அவர் செலவில் எடுத்தார். பக்கத்து வீட்டுக்காரர் புகாரைத் தொடரவில்லை. இருவரும் இப்போது சலாம் சொல்லிக்கொள்கிறார்கள். நாங்கள் அதையும் ஒரு வெற்றியாகத்தான் கணக்கிடுகிறோம்.

முதலில் நம்மை நாமே கேட்க வேண்டியது

அடுத்தவர் நிலத்தில் ஒரு சாண் அளவைக்கூட அநியாயமாக எடுக்கக் கூடாது என்று நபி (ஸல்) அவர்கள் கடுமையாக எச்சரித்திருப்பதை நாம் எல்லோரும் கேட்டிருக்கிறோம். ஸயீத் பின் ஸைத் (ரலி) அவர்கள்மீதே ஒரு பெண்மணி நில வழக்கைக் கொண்டுபோனார். அந்த எச்சரிக்கையைக் காதால் கேட்ட நானா அப்படிச் செய்வேன் என்பதுதான் அவருடைய பதிலாக இருந்தது. பொதுத் தெருவும் ஊர்க் குளமும் எல்லோருடைய ஹக். வாசல் படி, கடை முன்கூரை, கழிவுநீர்க் குழாய் இவை தெருவில் எத்தனை அடி நீண்டிருக்கின்றன என்று நாமே ஒரு டேப் எடுத்து அளந்து பார்ப்பது நல்லது. நோட்டீஸ் வந்து எடுப்பதைவிட நாமாக எடுப்பது கண்ணியம்.

ஜமாஅத் நிர்வாகிகளுக்கும் ஒரு வார்த்தை. பள்ளிவாசல், மையவாடி நிலங்களில் ஆக்கிரமிப்பு இருந்தால் வக்ஃப் சட்டத்தின் 54-ஆம் பிரிவின்கீழ் வக்ஃப் வாரியத்தின் முதன்மைச் செயல் அலுவலருக்கு எழுத்தில் தெரிவியுங்கள். முன்பு வக்ஃப் சொத்தை மீட்கும் வழக்குக்குக் காலவரையறை கிடையாது. 2025-ஆம் ஆண்டின் திருத்தச் சட்டம் காலவரையறைச் சட்டத்தை வக்ஃப் சொத்துக்கும் பொருத்திவிட்டது. 'பிறகு பார்த்துக்கொள்ளலாம்' என்று விடும் காலம் போய்விட்டது. இந்த ஆண்டே அளந்து, எல்லைக் கல் நட்டு, ஆவணங்களின் நகலை இரண்டு இடங்களில் வையுங்கள்.

யாரிடம் போவது?

வட்ட அளவில் நீதிமன்ற வளாகங்களில் சட்டப்பணிகள் குழுக்கள் இருக்கின்றன. 1987-ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணையச் சட்டப்படி பெண்கள் அனைவருக்கும், வருமானம் எவ்வளவாக இருந்தாலும், இலவச வழக்கறிஞர் உண்டு. மாற்றுத்திறனாளிகளுக்கும் வருமான வரம்புக்குள் உள்ள ஏழைகளுக்கும் அப்படியே. 15100 என்ற எண்ணில் அழைத்து வழி கேட்கலாம். மக்கள் நீதிமன்றத்தில் சமரசமானால் கட்டிய நீதிமன்றக் கட்டணம் திரும்பக் கிடைக்கும். அதன் முடிவுக்கு மேல்முறையீடு கிடையாது, அதனால் கையெழுத்திடுமுன் நன்றாகப் படியுங்கள்.

அலுவலகக் கோப்பில் என்ன இருக்கிறது என்று தெரிய வேண்டுமானால் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தோடு மனு கொடுக்கலாம். 30 நாளுக்குள் பதில் தர வேண்டும். ஆனால் நோட்டீஸுக்குப் பதில் சொல்லும் நாள் அதற்காகக் காத்திருக்காது. பதிலை முதலில் கொடுங்கள். அரசுமீது உரிமையியல் வழக்குப் போடப் பொதுவாக இரண்டு மாதம் முன்னறிவிப்புத் தேவை. அவசரம் என்றால் நீதிமன்றத்தின் அனுமதியோடு அதற்கு முன்பே போடலாம். உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடும் வழியும் உண்டு. எது பொருந்தும் என்பதை வழக்கறிஞர் உங்கள் ஆவணங்களைப் பார்த்துத்தான் சொல்ல முடியும்.

இந்த வாரம் வீட்டில் செய்ய வேண்டியவை

ஒரு கோப்பு வாங்குங்கள். பத்திரம், தாய்ப்பத்திரம், பட்டா, புலப்படம், வில்லங்கச் சான்று, வரைபட அனுமதி, வரி ரசீது எல்லாவற்றின் நகலையும் அதில் வையுங்கள். அசல் எங்கே இருக்கிறது என்பது கணவன், மனைவி இருவருக்கும் தெரிந்திருக்கட்டும். வரைபட அனுமதியில் உள்ள அளவும் கட்டியிருக்கும் அளவும் ஒன்றுதானா என்று பாருங்கள். நோட்டீஸ் எது வந்தாலும் அன்றே புகைப்படம் எடுத்து, கிடைத்த தேதியை அதன் மேல் எழுதி, 24 மணி நேரத்துக்குள் யாரிடமாவது காட்டுவது என்று வீட்டில் பேசி முடிவு செய்யுங்கள்.

கொடுக்கல் வாங்கலை எழுதி வைத்துக்கொள்ளச் சொன்ன மார்க்கம் நம்முடையது. எழுதி வைத்தவருக்குச் சண்டை போட வேண்டிய தேவை குறைவு. உதவி மேசைக்கு வரும்போது அந்தக் கோப்பையும் கையோடு கொண்டுவாருங்கள். நோட்டீஸ் வந்திருந்தால் வெள்ளிக்கிழமை வரை காத்திருக்க வேண்டாம்.

அல்லாஹ் நம் வீடுகளைப் பாதுகாப்பானாக. அடுத்தவர் ஹக்கில் கால் வைக்காத மக்களாக நம்மை ஆக்குவானாக. ஆமீன்.